கண்ணால் கண்ட சாட்சி, புதுக்கடைக்குப் போன பிறகு

கொலை வழக்கை விசாரித்த மேல் நீதிமன்றம் மரண தண்டனை கொடுத்து, சில வருஷம் கழித்து மேன்முறையீட்டு நீதிமன்றம் அதே ஆளை விடுதலை செய்துவிட்டால், எங்கள் மலைப்பக்கத்தில் உடனே இரண்டு காரணம் சொல்வார்கள். காசு விளையாடியிருக்கும், இல்லையென்றால் கொழும்பில் பெரிய லோயர் பிடித்திருப்பான். "பார்த்த பொம்பளை கூண்டில் ஏறிச் சொல்லிச்சே, அதுக்கு மேல என்ன வேணும்?" என்ற கேள்வியை என்னிடமே எத்தனையோ பேர் கேட்டிருக்கிறார்கள். கேட்பவர்கள் பெரும்பாலும் செத்தவரின் வீட்டார். அவர்களிடம் சட்டம் பேசுவது லேசான காரியமில்லை.

நான் மலையக நீதிமன்றங்களில் உரைபெயர்ப்பாளராக வேலை செய்து ஓய்வு பெற்றவன். பழைய ஆட்கள் 'முதலியார்' என்பார்களே, அந்த வேலை. தோட்டத்து ஆட்கள் தமிழில் சொல்வதைச் சிங்களத்தில் நீதிபதிக்குச் சொல்வேன்; கேள்வியைத் தமிழில் திருப்பிக் கொடுப்பேன். நான் சொன்னதைத்தான் தட்டெழுத்தாளர் அடிப்பார். அந்தத் தாள்தான் பிறகு மேன்முறையீட்டு நீதிமன்றம் இருக்கும் கொழும்பு புதுக்கடைக்குப் போகும். ஓய்வுக்குப் பிறகு மேன்முறையீட்டுத் தீர்ப்புகளைத் தேடித்தேடி வாசிக்கிறேன். வாசிக்க வாசிக்க எனக்குத் தெளிவான ஒரு விஷயத்தைத்தான் எழுதுகிறேன்: மேலே இருக்கும் மேன்முறையீட்டு நீதிபதிகள் சாட்சியை எடை போடுவதில்லை, சாட்சியின் தாளை எடை போடுகிறார்கள். எங்கள் ஆட்களின் தாள் பல நேரம் அவர்கள் சொன்னதைவிட மெலிந்து போய்த்தான் மேலே போகிறது.

தாளை வைத்து ஓர் ஆளை நம்புவதா, வேண்டாமா என்று முடிவு கட்டுவதில் உள்ள கஷ்டம் நீதிமன்றங்களுக்குத் தெரியாததல்ல. 1918இல், இலங்கையிலிருந்து, அப்போது நமக்குக் கடைசி மேன்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போன ஃபிராட் எதிர் பிரவுன் வழக்கில் இதைப் பச்சையாகவே சொன்னார்கள். சாட்சியை நேரில் பார்த்துக் கேட்ட நீதிபதிக்கு விலைமதிக்க முடியாத ஓர் அனுகூலம் உண்டு. மேன்முறையீட்டில் இருப்பவருக்குத் தாளிலிருந்தும், அங்கே இருந்தவர்கள் சொல்வதிலிருந்தும் மட்டுமே தெரியும். 1993இல் அல்விஸ் எதிர் பியசேன பெர்னாண்டோ வழக்கில் நாட்டின் உச்சியில் இருக்கும் நம் உயர் நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது: நேரில் கண்ட நீதிபதி கண்டறிந்த அடிப்படைச் சங்கதிகளை மேலே இருப்பவர்கள் லேசில் கலைக்கக் கூடாது. அதனால்தான் பல மேன்முறையீடுகள் தள்ளுபடியாகின்றன. 'விசாரணை நீதிபதி இந்தச் சாட்சியை நம்பியிருக்கிறார், நாங்கள் தலையிடக் காரணம் இல்லை' என்று இரண்டு வரியில் முடிந்துபோகும்.

ஆனால் இதில் ஒரு ஓட்டை இருக்கிறது. அதைப் பற்றி ஊரில் யாரும் பேசி நான் கேட்டதில்லை. மேல் நீதிமன்ற நீதிபதிகளுக்கு இடமாற்றம் உண்டு. கொலை வழக்கோ ஒரே மூச்சில் முடிவதில்லை. தவணைமேல் தவணையாக வருஷக்கணக்கில் இழுக்கும். கண்கண்ட சாட்சி ஒரு நீதிபதி முன்னால் சொல்வார், பிரேதத்தைச் சோதித்த சட்ட வைத்திய அதிகாரி அடுத்தவர் முன்னால் வருவார், தீர்ப்பு எழுதுபவர் மூன்றாமவராக இருப்பார். 1978ஆம் ஆண்டு நீதித்துறைச் சட்டத்தின் 48ஆம் பிரிவு இதற்கு இடம் கொடுக்கிறது. முன்னவர் பதிந்த சாட்சியத்தை வைத்தே பின்னவர் தொடரலாம். வேண்டுமானால் சாட்சியைத் திரும்ப அழைக்கலாம். திரும்ப அழைக்காமலே போன வழக்கில் அந்த விலைமதிக்க முடியாத அனுகூலம் யாரிடம் இருக்கிறது? தீர்ப்பு எழுதியவரும் தாளைத்தான் பார்த்தார், மேன்முறையீட்டு நீதிபதிகளும் தாளைத்தான் பார்க்கிறார்கள். அப்படிப்பட்ட வழக்கில் மேலே கூடுதல் துணிவோடு சாட்சியத்தைப் பிரித்துப் பார்ப்பதுதான் சரி என்பது என் அபிப்பிராயம்.

எப்படிப் பிரித்துப் பார்க்கிறார்கள் என்று சொல்ல ஒரு வழக்கைக் கற்பனையாக எடுத்துக்கொள்வோம். உண்மை வழக்கு எதையும் இழுக்க எனக்கு விருப்பமில்லை. இரண்டு பக்கத்துக் குடும்பமும் இன்னும் அதே தோட்டத்தில் இருக்கும். ஒரு லயம், அதாவது தோட்டத்து ஆட்களின் வீட்டு வரிசை; வரிசையாகக் காம்பராக்கள். சம்பள நாள் ராத்திரி. கான் (வடிகால்) தண்ணீர் யார் பக்கம் ஓடுவது என்று நாள்பட்ட தகராறு. சத்தம் கேட்டு அண்ணி ஒருத்தி இஸ்தோப்புக்கு (முன்திண்ணைக்கு) வருகிறாள். வாசலில் கொழுந்தனை ஒருவன், தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்தியால் வெட்டுகிறான். வெட்டியவன் நாலு காம்பரா தள்ளி இருப்பவன், சின்ன வயதிலிருந்து தெரிந்தவன். வேறு யாரும் பார்த்ததாகச் சொல்லவில்லை. மற்றக் கதவெல்லாம் சாத்தியிருந்தது.

முதல் கேள்வி: ஒரே ஒரு சாட்சி போதுமா? போதும். 1895ஆம் ஆண்டுச் சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 134ஆம் பிரிவு, எந்தச் சங்கதியையும் நிரூபிக்க இத்தனை சாட்சி வேண்டும் என்று கணக்கில்லை என்கிறது. சுமணசேன எதிர் சட்டமா அதிபர் என்ற 1999ஆம் ஆண்டுத் தீர்ப்பை இதற்கு அடிக்கடி காட்டுவார்கள். சாட்சியத்தை எண்ணக் கூடாது, நிறுக்க வேண்டும். ஒற்றைச் சாட்சி ஆனாலும் மனதில் பதியும்படி உறுதியாக இருந்தால் அதை வைத்தே தீர்மானிக்கலாம். 'ஒரு பொம்பளை பேச்சை வச்சுத் தூக்குத் தண்டனையா' என்று எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) பக்கத்தார் குமுறுவது உண்டு. சட்டத்தில் அந்தக் குமுறலுக்கு இடமில்லை. ஆனால் ஒரே தூணில் கூரை நிற்கும்போது அந்தத் தூணைத் தட்டித்தட்டித்தான் பார்ப்பார்கள்.

அடுத்தது, அவள் செத்தவனின் அண்ணி. சொந்தக்காரி சொல்வதை எப்படி நம்புவது என்று எதிர்த்தரப்புச் சட்டத்தரணி கட்டாயம் கேட்பார். 1953இல் இந்திய உச்ச நீதிமன்றம் தலிப் சிங் வழக்கில் இதற்கு நல்ல பதில் சொன்னது. நீதிபதி விவியன் போஸ் எழுதிய தீர்ப்பு. நெருங்கிய உறவு என்பவர் உண்மைக் குற்றவாளியைத் தப்பவிட்டு, சம்பந்தமில்லாத ஒருவனை மாட்டிவிடக் கடைசி ஆளாகத்தான் இருப்பார். அதேநேரம் பழைய பகை இருந்தால், குற்றவாளியோடு சேர்த்து வேண்டாதவனையும் இழுத்துவிடும் ஆசை வரலாம் என்றும் அதே தீர்ப்பு எச்சரிக்கிறது. எங்கள் லயங்களைத் தெரிந்தவர்களுக்கு இது புரியும். ஒரு லயத்தில் யார் யாருக்குச் சொந்தமில்லை? சொந்தக்காரர் சாட்சி வேண்டாம் என்றால் தோட்டத்தில் நடந்த எந்தக் கொலைக்கும் சாட்சி கிடையாது. ஆகவே நீதிமன்றம் பார்க்க வேண்டியது உறவை இல்லை, கான் தண்ணீர்த் தகராறு அவள் வாய்க்குள் எத்தனை பேரை இழுத்து வந்திருக்கிறது என்பதை. வெட்டியவன் ஒருவன் என்று முதலில் சொல்லிவிட்டு, பிறகு அவன் தம்பியையும் மச்சானையும் சேர்த்திருந்தால் அங்கேதான் தீர்ப்பு ஆட்டம் காணும்.

பிறகு வெளிச்சம். வழக்கு பெரும்பாலும் இங்கேதான் நிற்கும் அல்லது விழும். 1976இல் இங்கிலாந்து மேன்முறையீட்டு நீதிமன்றம் டேர்ன்புல் வழக்கில் சொன்ன வழிகாட்டலை நம் நீதிமன்றங்களும் எடுத்தாள்கின்றன. எவ்வளவு நேரம் பார்த்தார், எவ்வளவு தூரம், என்ன வெளிச்சம், நடுவில் ஏதும் மறைத்ததா, முன்பே தெரிந்தவரா, பார்த்ததற்கும் பொலிஸில் சொன்னதற்கும் எவ்வளவு இடைவெளி, முதலில் சொன்ன அடையாளத்துக்கும் ஆளுக்கும் பொருத்தமா. தெரிந்தவரை அடையாளம் காண்பது அந்நியரைக் காண்பதைவிட நம்பகமானதுதான். ஆனால் நெருங்கிய உறவையும் நண்பரையும்கூட ஆட்கள் தவறாக அடையாளம் கண்டுவிடுகிறார்கள் என்றும் அதே வழிகாட்டல் நினைவூட்டுகிறது. மலையில் ஒரு மாலை இருந்தவர்களுக்கு அதன் அர்த்தம் தெரியும். மூட்டம் இறங்கினால் பக்கத்து இஸ்தோப்பில் நிற்பது யார் என்று குரலை வைத்துத்தான் சொல்ல முடியும். நடையை வைத்து, போர்த்தியிருக்கும் கம்பளியை வைத்து, 'இந்த நேரத்துக்கு இவன்தான் வருவான்' என்ற பழக்கத்தை வைத்து நாம் ஆளைத் தீர்மானித்துவிடுகிறோம். பிறகு முகத்தையே கண்டதாக மனம் நம்பிவிடும். அவள் பொய் சொல்லவில்லை. நெஞ்சறிய உண்மைதான் சொல்கிறாள். அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் குற்றமற்றவர் என்று தெரிந்து வெளியே வந்தவர்களின் வழக்குகளில் பத்தில் ஆறுக்கும் மேல் இப்படி நல்லெண்ணத்தோடு செய்த தவறான அடையாளம்தான் காரணங்களில் ஒன்றாக இருந்திருக்கிறது. ஒரு விடுதலையைக் கேட்டதும் எனக்கு ஆத்திரம் வந்தால் இதைத்தான் நினைத்துக்கொள்வேன்.

எதிரி முன்பின் தெரியாதவனாக இருந்தால் நிலைமை இன்னும் கடுமை. நீதவான் முன்னால் அடையாள அணிவகுப்பு வைத்திருக்க வேண்டும். அதில்லாமல், வருஷங்கள் கழித்து எதிரிக் கூண்டில் தனியாக நிற்கும் ஆளைச் சுட்டி 'இவர்தான்' என்றால் அதற்கு எடை மிகக் குறைவு. அங்கே நிற்பது வேறு யாராக இருக்க முடியும்?

இனி முரண்பாடுகள். இதைப் பற்றி நான் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும், ஏனென்றால் என் வேலைநாட்கள் முழுவதும் நான் நின்ற இடம் அதுதான். சாட்சி பொலிஸில் சொன்ன வாக்குமூலம் தன்னளவில் சான்று ஆகாது. கூண்டில் சொல்வதோடு முரண்படுகிறது என்று காட்டத்தான் அது பயன்படும். எதிர்த்தரப்பு அதைக் கையில் வைத்துக்கொண்டு வரிவரியாக வருவார்கள். 'பொலிஸில் ஒன்பதரை மணி என்று சொல்லியிருக்கிறீர்கள். இன்றைக்குப் பத்து மணி ஆகியிருக்கும் என்கிறீர்கள். எது பொய்?'

அந்த அம்மா ஒன்பதரை என்று எந்தக் காலத்திலும் சொல்லியிருக்க மாட்டார். "ஸ்டோர்ல சங்கு ஊதி, சோறாக்கி, புள்ளைங்க படுத்ததுக்கு அப்புறம்" என்றுதான் சொல்லியிருப்பார். வாக்குமூலம் எழுதிய பொலிஸ்காரருக்கு ஒரு மணி வேண்டும், அவர் ஒரு மணியை எழுதிக்கொண்டார். சிங்களத்தில் எழுதினார், அம்மாவுக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாது, கைநாட்டு வைத்தார். கூண்டில் நான் கேட்டபோதெல்லாம் இப்படிப்பட்ட அம்மாமார் என் முகத்தைத்தான் பார்ப்பார்கள். "நான் அப்படிச் சொல்லலையே ஐயா" என்பார்கள். நான் அதையும் சிங்களத்தில் சொல்வேன். தாளில் ஏறும்: சாட்சி தான் பொலிஸில் கூறியதை மறுக்கிறார். அதை வாசிப்பவருக்கு அவர் கண்ணில் இருந்த திகைப்பு தெரியாது, மறுப்பு மட்டும்தான் தெரியும்.

நல்லவேளையாக நீதிமன்றங்கள் இதில் குருடாக இல்லை. 1983இல் இந்திய உச்ச நீதிமன்றம் பர்வாடா போகின்பாய் ஹிர்ஜிபாய் வழக்கில் சொன்னதை நம் மேன்முறையீட்டு நீதிமன்றம் திரும்பத் திரும்ப எடுத்துக்காட்டுகிறது. சாட்சிக்குப் புகைப்பட நினைவு இருக்கும் என்று எதிர்பார்க்க முடியாது. நேரத்தைப் பொதுவாக ஊகித்துத்தான் சொல்வார்கள். கண்ணெதிரே சடுதியில் நடந்த சம்பவத்தின் ஒவ்வொரு அசைவையும் மனம் உறிஞ்சி வைக்காது. குறுக்கு விசாரணையின் அதட்டலில் குழம்பிப்போவார்கள். வழக்கின் வேரை அசைக்காத முரண்பாட்டைப் பெரிதாக்கக் கூடாது. ஒன்பதரையா பத்தா என்பது வேரில்லை. வெட்டியது யார், எதனால், எந்த வெளிச்சத்தில் என்பது வேர். ஒன்றில் பொய் சொன்னவன் எல்லாவற்றிலும் பொய் சொல்வான் என்ற பழைய விதியையும் நம் நீதிமன்றங்கள் கண்ணை மூடிக்கொண்டு பின்பற்றுவதில்லை. 1963ஆம் ஆண்டு ஜூலிஸ் வழக்கிலேயே அது முழுமுற்றான விதி இல்லை என்று சொல்லியாகிவிட்டது.

முரணைவிட ஆபத்தானது விடுபடல். முக்கியமான ஒன்றை முதல் வாக்குமூலத்தில் சொல்லாமல் கூண்டில் முதல் தடவையாகச் சொன்னால் மேலே புருவம் உயரும். நம் கற்பனை வழக்கில், 'இஸ்தோப்பில் பல்பு எரிந்தது' என்ற வரி முதல் வாக்குமூலத்தில் இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். பல்பு எரிந்தது உண்மையாகவே இருக்கலாம். பொலிஸ்காரர் கேட்கவில்லை, அவள் சொல்லவில்லை. கொழுந்தனின் ரத்தம் கையில் காயாத பெண்ணுக்குப் பல்பைப் பற்றிச் சொல்லத் தோன்றுமா? விசாரணைக்கு வந்த அதிகாரி அந்தப் பல்பைப் பார்த்துக் குறிப்பில் எழுதியிருந்தால் பிரச்சினை இல்லை. அவரும் எழுதாவிட்டால், அவள் கூண்டில் சொல்லும் அந்த ஒரு வரியில் முழு வழக்கும் தொங்கும். அதில் நியாயமான சந்தேகம் எழுந்தால் விடுதலைதான்.

தூரமும் இப்படித்தான். "எவ்வளவு தூரத்தில் நின்று பார்த்தீர்கள்?" என்று கேட்டால் யாரும் அடிக்கணக்குச் சொல்வதில்லை. "இந்தா, இங்கேருந்து அந்தக் கதவு வரைக்கும்" என்று கை நீட்டுவார்கள். கவனமான நீதிபதி என்றால் இரண்டு பக்கத்துச் சட்டத்தரணிகளையும் கேட்டு, 'சுமார் 25 அடி' என்று பதியச் சொல்வார். அவசரத்தில் விட்டுப்போனால் தாளில் 'சாட்சி சுட்டிக் காட்டுகிறார்' என்று மட்டும் இருக்கும். எந்தக் கதவு? புதுக்கடையில் உட்கார்ந்திருக்கும் நீதிபதிகள் அந்த மண்டபத்தைப் பார்த்திருக்கவே மாட்டார்கள். ஒரு மனுஷியின் கை நீட்டல் அப்படியே காணாமல் போகும். இதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு மனம் பதைக்கும்.

தாமதமும் ஒரு பெரிய விஷயம். உடனே சொன்ன சாட்சிக்கு மதிப்பு அதிகம். யோசித்துக் கதை கட்ட நேரமில்லை என்பதுதான் காரணம். ஆனால் தாமதித்தார் என்ற ஒன்றை மட்டும் வைத்துச் சாட்சியைத் தள்ளக் கூடாது, தாமதத்துக்கு நியாயமான விளக்கம் இருந்தால் ஏற்கலாம் என்று மேலே சொன்ன சுமணசேன தீர்ப்பே சொல்கிறது. விளக்கம் இருக்கத்தான் செய்கிறது. ராத்திரியில் தோட்டத்திலிருந்து பொலிஸ் நிலையத்துக்குப் போக வாகனம் இல்லை. வெட்டியவனின் ஆட்கள் அதே லயத்தில். மறுநாள் பெரட்டுக்கு (காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கும் இடத்துக்கு) போனால் அதே மலையில் அவர்களோடுதான் கொழுந்து பறிக்க வேண்டும். சாட்சிகளுக்குப் பாதுகாப்பளிக்க 2015இல் ஒரு சட்டம் வந்தது, 2023இல் அதற்குப் பதிலாகப் புதிய சட்டமும் வந்தது. இரண்டையும் பற்றிக் கேள்விப்பட்ட ஒரு தோட்டத்துச் சாட்சியை நான் கண்டதில்லை. பயத்தால்தான் பிந்திச் சொன்னேன் என்பதைச் சாட்சி கூண்டில் வாயால் சொல்ல வேண்டும், அரச சட்டத்தரணி அதைக் கேட்டு வாங்க வேண்டும். கேட்காவிட்டால் தாளில் வெறும் தாமதம்தான் இருக்கும், அதற்கான காரணம் இருக்காது.

சட்ட வைத்திய அதிகாரியின் அறிக்கையையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பார்கள். ஒரு வெட்டு என்று சாட்சி சொல்ல, உடம்பில் ஐந்து காயம் இருந்தால் அது தானாகவே சாட்சியை வீழ்த்தாது; ஆனால் முன்னால் நின்று வெட்டினான் என்று சொல்ல, காயமெல்லாம் முதுகில் இருந்தால் அவள் எதைத்தான் பார்த்தாள் என்ற கேள்வி வரும்.

எதிரி சொல்வதையும் அதே தராசில் வைக்க வேண்டும். விசாரணை நீதிபதி 'கண்கண்ட சாட்சியை நம்புகிறேன், ஆகவே எதிரி சொல்வது பொய்' என்று எழுதிவிட்டால் அதுவே மேன்முறையீட்டில் பெரிய குறையாகிவிடும். 1980ஆம் ஆண்டு ஜேம்ஸ் சில்வா வழக்கில் இதைத் தெளிவாகச் சொன்னார்கள்: வழக்குத் தொடுப்பவர் பக்கத்துச் சாட்சியத்தை அளவுகோலாக வைத்து எதிரியின் சாட்சியத்தை அளக்கக் கூடாது, எல்லாவற்றையும் ஒன்றாக வைத்தே பார்க்க வேண்டும். பல விடுதலைகளுக்கும் மறுவிசாரணைகளுக்கும் பின்னால் இருப்பது இந்த மாதிரிக் குறைதான். அதற்காகச் சாட்சி பொய்யர் என்று மேலே தீர்மானித்ததாக அர்த்தமில்லை. அண்ணி சொன்னதை முழுதாக நம்பிக்கொண்டே தண்டனையைக் குறைப்பதும் உண்டு. திடீரென மூண்ட சண்டையில் நடந்தது என்று அவள் சாட்சியத்திலேயே தெரிந்தால், தண்டனைச் சட்டக்கோவையின் 296ஆம் பிரிவில் வரும் கொலை, 297இல் வரும் கொலையாகாத குற்றமாக மாறும். மரண தண்டனை போய்ச் சிறைத்தண்டனை வரும். 1976க்குப் பிறகு இங்கே யாரையும் தூக்கிலிடவில்லை என்றாலும், மரண தண்டனைக் கைதி என்ற பெயரோடு உள்ளே கிடப்பதற்கும் விடுதலைத் தேதி ஒன்று தெரிந்து இருப்பதற்கும் பெரிய வித்தியாசம் உண்டு.

சாட்சியாகப் போகிறவர்களுக்கு என்னால் சொல்ல முடிந்தது இதுதான். பொலிஸில் வாக்குமூலம் எழுதி முடித்ததும் கையெழுத்தையோ கைநாட்டையோ வைத்துவிட்டு எழும்பி வந்துவிடாதீர்கள். எழுதியதை உங்களுக்கு வாசித்துக் காட்ட வேண்டும். அந்த மொழி புரியாவிட்டால் புரியும் மொழியில் சொல்ல வேண்டும். அதில் விளக்கம் சொல்லவும் சேர்க்கவும் உங்களுக்கு உரிமை உண்டு. 1979ஆம் ஆண்டுக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 110ஆம் பிரிவில் இருக்கிறது. தமிழில் சொல்லச் சொல்லிக் கேளுங்கள். பல்பு எரிந்ததா, நிலவா, டோர்ச் வெளிச்சமா என்று கேட்காவிட்டாலும் சொல்லுங்கள். எங்கே நின்றீர்கள், நடுவில் என்ன இருந்தது என்று சொல்லுங்கள். நிச்சயமாகப் பார்க்காததைப் பார்க்கவில்லை என்று சொல்லுங்கள். முகத்தைப் பார்த்தீர்களா, குரலைக் கேட்டீர்களா என்பதைப் பிரித்துச் சொல்லுங்கள். மணி தெரியாவிட்டால் தெரியாது என்றே எழுதச் சொல்லுங்கள்.

எதிரியின் குடும்பத்துக்கும் ஒன்று. மேல் நீதிமன்றத் தீர்ப்பு சொன்ன நாளிலிருந்து மேன்முறையீடு செய்ய 14 நாள்தான். கொழும்பில் சட்டத்தரணி பிடிக்கப் பணம் திரட்டி, சீட்டுப் பிடித்து, நகையை அடகு வைத்து முடிப்பதற்குள் அந்த நாட்கள் ஓடிவிடும். சிறையில் இருப்பவர் அந்த 14 நாளுக்குள் சிறை அதிகாரியிடம் 'மேன்முறையீடு செய்கிறேன்' என்பதையும் அதற்கான காரணத்தையும் சொன்னாலே போதும், அதற்குச் சட்டத்தில் இடமிருக்கிறது. முதல் தடவை பார்க்கப் போகும்போதே அவரிடம் இதைச் சொல்லிவிடுங்கள். பணத்தைப் பிறகு தேடிக்கொள்ளலாம்.